இரு திரையும் ஓராட்டமும்

சில ஆண்டுகளுக்கு முன்னர் முல்லைத்தீவு மாவட்டத்துப் பாடசாலை ஒன்றிலே கண்காட்சி விழா நடைபெற்றது. உயர்தர வகுப்பு மாணவன் ஒருவன், பைதன் மொழியிலே தானே இயற்றிய கணினி ஆட்டம் ஒன்றை அங்கே காட்ட முன்வந்தான். நந்திக்கடலிலே தோணி ஒன்று செல்லும். ஆடுவோன் அதனை இடமும் வலமுமாகச் செலுத்தி இறால் வாரவேண்டும். கண்டல் வேரிலே தோணி முட்டினால் ஆட்டம் முடிந்துவிடும். மேசைமீது மடிக்கணினி இருந்தது. புரொஜெக்டர் எனும் படவீச்சுக் கருவி அதனுடன் வடத்தாற் பிணைக்கப்பட்டிருந்தது. வெள்ளைச் சுவரை நோக்கி மண்டபம் நிறைந்த மக்கள் அமர்ந்திருந்தனர். முன்வரிசையிலே அவனுடைய அம்மம்மாவும் இருந்தார்.

மாணவன் ஆட்டத்தைத் தொடக்கினான். தோணி ஓடியது, ஆயின் மடிக்கணினியின் சிறு திரையில் மாத்திரமே ஓடியது. சுவரிலே வெறும் நீலப் பின்னணி அசைவின்றிக் கிடந்தது. "எங்கையடா தம்பி உன்ரை தோணி?" என்று அம்மம்மா கேட்டார். மண்டபம் சிரித்தது. மாணவன் ஆட்டத்தை மூடி மீளவும் திறந்தான். மூன்றாம் முறையும் திறந்தான். தோணி சுவருக்கு வரவில்லை. அடுத்த நிகழ்ச்சிக்கு அழைப்பு வந்தது. அவன் கணினியை மடித்துக்கொண்டு இறங்கிச் சென்றான்.

யானும் அம்மண்டபத்தில் இருந்தேன். அம்முதியவர் கேட்ட வினாவுக்கு விடை கூற எனக்கும் அன்று தெரிந்திலது. பொறி பழுதென்று சிலர் கூறினர். பிள்ளையின் வேலை அரைகுறை என்று சிலர் கூறினர். இரண்டும் தவறு என்பதனைப் பின்னரே கற்றறிந்தேன். கணினி தனக்கு இடப்பட்ட வழக்கத்தின்படியே ஒழுகியது. மாணவனின் ஆட்டமும் குற்றமற்றதாகவே இருந்தது. இரண்டு திரைகள் உள்ளவிடத்து ஓர் ஆட்டம் எத்திரையிற் தோன்றும், அதனைத் தெரிந்தெடுக்கும் உரிமை யாரிடம் உளது, அவ்வுரிமையை எவ்வாறு செலுத்தலாம் என்பனவற்றை எவரும் அவனுக்குக் கூறியிருக்கவில்லை. அவற்றை விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

திரையும் ஆட்டமும் முதலிற் கூடிய வரலாற்றைச் சிறிது நோக்குவாம். 1952 ஆம் ஆண்டிலே, கேம்பிறிட்ஜ் பல்கலைக்கழகத்து ஏ. எஸ். டக்ளஸ் என்பார், எட்சாக் என்னும் கணினியிலே வட்டமும் புள்ளடியும் இடும் ஆட்டத்தை அமைத்தார். அவ்வாட்டம் தோன்றியது ஒரு கதோட்டுக் கதிர்க் குழாயின் முகத்திலே. அகலத்துக்கு 35, உயரத்துக்கு 16 என்ற அளவிலே புள்ளிகள் கொண்ட சிறு பரப்பு அது. ஆட்டத்துக்கெனத் திரை செய்யப்படவில்லை; கணினியின் நினைவகத்தைப் பார்வையிட வைத்திருந்த குழாயையே ஆட்டம் கடன் வாங்கியது. தெரிவு என்ற பேச்சே அங்கு எழவில்லை.

1958 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்திலே, அமெரிக்காவின் புரூக்ஹேவன் தேசிய ஆய்வுகூடத்தில், பார்வையாளர் நாளுக்கென வில்லியம் ஹிகின்பொதம் என்னும் பௌதிகவியலாளர் இருவர் ஆடும் ரெனிஸ் ஆட்டம் ஒன்றை அமைத்தார். ஐந்து அங்குல விட்டமுடைய அலைவுகாட்டியின் முகமே அதன் மைதானம். மக்கள் நிரையாக நின்று ஆடிச் சென்றனர். அடுத்த ஆண்டும் அவ்வாட்டம் வைக்கப்பட்டபொழுது பெரியதொரு திரை பொருத்தப்பட்டது. ஆடுவோர் இருவருக்கு ஐந்து அங்குலம் போதும்; சூழ நிற்போர் காணவேண்டுமாயின் போதாது. ஆட்டத்தைத் திரைக்கு அனுப்புதல் என்பது உண்மையில் அதனைக் காண்போரிடம் அனுப்புதலே என்னும் உண்மை இரண்டாம் ஆண்டிலேயே புலனாயிற்று.

ஒரே கணினியில் இரு திரைகள் அமைந்து, எதனைத் தெரிவது என்ற வினா இல்லங்களுக்கும் அலுவலகங்களுக்கும் வந்தது பின்னரேயாம். 1981 இல் வெளிவந்த ஐ. பி. எம். தனியாள் கணினிக்கு இருவகைக் காட்சி அட்டைகள் இருந்தன. ஒன்று எழுத்துக்களை ஒரே நிறத்தில் தெளிவுறக் காட்டுவது. மற்றையது நிறப்படங்களைக் காட்டுவது. நினைவகத்தில் இரண்டுக்கும் வெவ்வேறு முகவரிகள் வகுக்கப்பட்டிருந்தமையால் இரண்டையும் ஒரே பொறியிற் பொருத்த முடிந்தது. ஒரு கட்டளைச் சொல்லால் இத்திரையினின்று அத்திரைக்கு மாறலாம். நிற அட்டையின் முகவரிக்கு எழுதும் ஆட்டம் நிறத்திரையிலேயே தோன்றும். திரையைத் தெரிதல் அந்நாளில் முகவரியைத் தெரிதலாக இருந்தது. 1987 இல் மக்கின்ரோஷ் இரண்டாம் வகைக் கணினியும், 1998 இல் விண்டோஸ் 98 உம், பல திரைகளை ஒரே விரிந்த பரப்பாகக் கொள்ளும் முறையைப் பயன்படுத்துவோர் கையில் அளித்தன. இன்றைய நிலைமை அதன் வழிவந்ததே.

இனிக் கணினியினுள்ளே நிகழ்வது யாதெனக் காண்பாம். தண்ணீரூற்று என்பது நீரினாற் பெயர்பெற்ற ஊர். தண்ணிமுறிப்பு, முத்தையன்கட்டு முதலாய குளங்களின் நாட்டினர் நாம். ஆதலின் நமக்குப் பழகிய உவமையாலேயே இதனை விளக்கலாம். கணினியின் வரைவியல் அட்டையில் உள்ள நினைவகத்தை ஒரு குளமாகக் கொள்க. ஆட்டம் தான் வரைந்த படத்தை அக்குளத்திலே நிரப்புகின்றது. குளத்துக்குப் பல துருசுகள் உள. அவையே வடம் செருகும் வாயில்கள். வடம் வாய்க்கால், திரை வயல். எத்துருசு வழியாகக் குளத்தின் எப்பகுதி நீர் எவ்வயலுக்குச் செல்லவேண்டும் என்று தீர்ப்பது ஆட்டமன்று. நீர்ப்பங்கீட்டுக்குப் பொறுப்பானவரைப் போன்று நிற்கும் பணிசெயல் முறைமையே. புதிய திரை ஒன்று வடத்தாற் பிணைக்கப்பட்டதும், தன் அகலம், உயரம், செக்கனுக்கு எத்தனை படம் ஏற்கும் என்ற விவரங்களை அது வடத்தின் வழியே கணினிக்கு அறிவிக்கின்றது. வயலின் பரப்பை அறிந்த பின்னரே நீர் திறக்கப்படுகின்றது.

இரு திரைகள் உள்ளபோது பணிசெயல் முறைமை மேற்கொள்ளும் வழிகள் நான்கு. முதற்றிரை மாத்திரம் இயங்குதல். இரண்டாந் திரை மாத்திரம் இயங்குதல். ஒரே படம் இரண்டிலும் தோன்றும் இரட்டித்தல். இரண்டும் சேர்ந்து ஒரே அகன்ற பரப்பாகும் விரித்தல். முதல் மூன்றிலும் ஐயத்துக்கு இடமில்லை. சிக்கல் எழுவது நான்காவதிலேயே. அன்று மண்டபத்தில் இருந்த கணினியும் விரித்தல் நிலையிலேயே இருந்தது. முன்னே உரையாற்றியவர் தம் குறிப்புகளைத் தம்முன் உள்ள திரையிலும் படங்களைச் சுவரிலும் வைத்துப் பேசுதற்கு அந்நிலையே ஏற்றதாயிருந்தது. அவர் சென்றபின் அந்நிலை மாற்றப்படவில்லை.

விரித்தல் நிலையைப் புரிந்துகொள்ளக் கணித வகுப்பில் கற்ற ஆள்கூற்றுத் தளத்தை நினைவுகூர்தல் போதும். எல்லாத் திரைகளும் ஒரு கற்பனைத் தளத்தின்மீது அடுக்கிய பலகைகள் போல்வன. அவற்றுள் ஒன்று முதன்மைத் திரை எனப்படும். அதன் இடப்பக்க மேல்மூலையே உற்பத்தி. அதன் ஆள்கூறு சுழியமும் சுழியமும். வலப்புறம் செல்லச் செல்ல முதல் எண் கூடும். வகுப்பறைத் தளத்துக்கு மாறாக, கீழே செல்லச் செல்ல இரண்டாம் எண் கூடும். மடிக்கணினித் திரை அகலத்தில் 1366 புள்ளிகளும் உயரத்தில் 768 புள்ளிகளும் உடையது எனக் கொள்வோம். படவீச்சுக் கருவி 1024 புள்ளி அகலமுடையதாய் அதன் வலப்புறத்தில் வைக்கப்பட்டிருப்பின், சுவர்ப்படத்தின் இடவிளிம்பு 1366 இலிருந்து தொடங்கும். இடப்புறத்தில் வைக்கப்பட்டிருப்பின், அது மறை 1024 இலிருந்து தொடங்கும். திரையின் இடத்தை மறை எண்ணாற் குறித்தல் முதலில் வியப்பளிக்கலாம். உற்பத்தி எங்கேயுளது என்பதனை அறிந்தவர்க்கு வியப்பில்லை.

ஒரு மென்பொருள் தன் சாளரத்தை எங்கே திறப்பது என்று தானே கூறாதவிடத்து, பணிசெயல் முறைமை பெரும்பாலும் அதனை முதன்மைத் திரையிலேயே திறந்துவிடுகின்றது. மாணவனின் தோணி மடிக்கணினியை விட்டு அகலாமைக்குக் காரணம் இதுவே. ஆயின், முன்னே உரையாற்றியவரின் படங்கள் மாத்திரம் எவரும் கேளாமலே சுவருக்குச் சென்றது எவ்வாறு? இங்கேதான் கருதத்தக்க வேறுபாடு ஒன்று உளது. விரிவுரைப் படங்களைக் காட்டும் மென்பொருளை இயற்றியோர், "பேசுவோர் ஒருவர், காண்போர் வேறு பலர்" எனக் கருதி இயற்றினர். ஆதலின் இரண்டாந் திரை இருப்பின் அது தானாகவே அதனை நாடுகின்றது. ஆட்டங்களை இயற்றியோரோ, "ஆடுவோன் எவனோ அவனே காண்போன்" எனக் கருதினர். ஆதலின் ஆட்டம் ஆடுவோன் முன்னுள்ள முதன்மைத் திரையை விட்டு நகர்வதில்லை. பாடசாலைக் கண்காட்சியில் ஆடுவோன் ஒருவன், காண்போர் முந்நூற்றுவர். அத்தகைய அவையை ஆட்டம் எதிர்பார்ப்பதில்லை. ஆதலின் நாமே அதற்குச் சொல்லுதல் வேண்டும்.

சொல்லும் வழிகள் பல, எளியதிலிருந்து தொடங்குவாம். விண்டோஸ் கணினியிலே, விண்டோஸ் சின்னமுள்ள சாவியையும் 'பி' என்னும் எழுத்துச் சாவியையும் ஒருங்கே அழுத்தினால் முற்கூறிய நான்கு நிலைகளும் திரையோரத்தே தோன்றும். இரட்டித்தலைத் தெரிந்தால் மடிக்கணினியில் ஓடும் தோணி அக்கணமே சுவரிலும் ஓடும். இதற்குக் கொடுக்கும் விலை ஒன்றுண்டு: இரண்டு திரைகளும் ஒரே அளவுப் படத்தை ஏற்கவேண்டியிருத்தலின், பெரும்பாலும் மடிக்கணினியின் படம் கருவியின் அளவுக்குச் சுருங்கும். கண்காட்சிக்கு அஃது ஓர் இழப்பன்று. ஆடுவோன் மேசையை நோக்கியே ஆடலாம்; அவை சுவரை நோக்கியே காணலாம்.

விரித்தல் நிலையை விடாமலே ஆட்டத்தைச் சுவருக்கு அனுப்ப விரும்புவோர் இரண்டாம் வழியை நாடலாம். விண்டோஸ் சாவியையும் ஷிஃப்ற் சாவியையும் அழுத்திக்கொண்டு இடம் அல்லது வலம் காட்டும் அம்புச் சாவியை அழுத்தினால், இயங்கும் சாளரம் அடுத்த திரைக்குத் தாவும். 2009 இல் வந்த விண்டோஸ் 7 முதல் இவ்வசதி உளது. ஆயின் ஆட்டம் திரை முழுவதையும் தனக்கே உரித்தாக்கிக்கொண்டு இயங்கும்போது இவ்வழி பெரும்பாலும் பயன்படாது. அந்நிலையில் ஆட்டம் ஒரு துருசை முற்றாகக் குத்தகைக்கு எடுத்தது போன்று நடந்துகொள்ளும். அத்தகைய ஆட்டத்தை, அதன் அமைப்புப் பட்டியலிலோ, பல ஆட்டங்கள் ஏற்கும் ஓல்ற் சாவி, என்ரர் சாவி இணைப்பினாலோ, முதலிற் சிறு சாளரமாக்குதல் வேண்டும். பின்னர் அதனை அடுத்த திரைக்கு நகர்த்துதல் வேண்டும். அங்கே மீளவும் முழுத்திரையாக்குதல் வேண்டும். சட்டமில்லாச் சாளரம் என்றொரு நிலையும் பல ஆட்டங்களில் உண்டு. அது முழுத்திரை போலத் தோன்றினும் உண்மையிற் சாளரமே. ஆதலின் எளிதில் இடம்பெயரும். ஆனால் சுட்டியின் முனை பக்கத்துத் திரைக்கு வழுவி, அங்கே அழுத்தப்பட்டு, ஆட்டம் கவனம் இழத்தலும் நேரலாம்.

மூன்றாவது வழி முதன்மை என்னும் பட்டத்தையே மாற்றுதல். திரை அமைப்புகளைத் திறந்து, சுவர்த்திரைக்குரிய பெட்டியைத் தெரிந்து, அதனை முதன்மைத் திரை ஆக்கிவிட்டால் உற்பத்தி அங்கே பெயரும். அதன்பின் தொடக்கப்படும் ஆட்டமும் அதனைப் பின்தொடரும். இரண்டாந் திரை மாத்திரம் இயங்குமாறு செய்தலும் ஏறக்குறைய இதே பயனைத் தரும். தனித்து நிற்கும் திரை தானே முதன்மையாதல் இயல்பு. இவ்வழியில் மேசைமுகப்பின் சின்னங்களும் உடன்பெயரும் ஆதலின், விழா முடிந்ததும் பழைய நிலைக்கு மீட்டல் நன்று.

நான்காவது வழி ஆட்டத்தை இயற்றுவோனுக்கு உரியது. மாணவர் கருத்திற் கொள்ளத்தக்கது. பைதன் மொழியில் ஆட்டம் இயற்ற உதவும் பைகேம் என்னும் நூலகத்திலே, சாளரத்தைத் திறக்கும் கட்டளைக்கு எத்திரை என்னும் எண்ணையும் சேர்த்துக் கொடுக்கலாம். கொடாதவிடத்து அது சுழியம் எனவே கொள்ளப்படும். மென்பொருள் எண்ணத் தொடங்குவது சுழியத்திலிருந்து; ஆகவே இரண்டாந் திரையின் எண் ஒன்று. விண்டோஸ் அமைப்புகளில் திரைகளுக்கு இடப்படும் எண்களோ ஒன்றிலிருந்து தொடங்குவன. இரண்டு வரிசைகளும் ஒத்திருக்கும் என்ற நியதியும் இல்லை. எனவே எண்ணை நிரலிலே பதித்துவிடாது, ஆட்டத்தின் தொடக்கப் பக்கத்தில் ஆடுவோனிடமே கேட்டுக்கொள்ளுதல் சிறப்பு. கேட்ட விடையை நினைவில் வைத்திருத்தலும், அத்திரை கழற்றப்பட்டிருப்பின் உள்ள திரைக்கு மீளுதலும் நல்ல ஆட்டத்தின் இலக்கணமாகும். இவ்விரண்டாவதை மறந்த ஆட்டங்கள் சில, இல்லாத திரையிலே சென்று திறந்து, எவர் கண்ணுக்கும் படாமல் ஒலியை மாத்திரம் எழுப்பிக்கொண்டிருக்கும்.

திரையைத் தெரிந்தபின்னும் கருதவேண்டிய சில உள. செக்கனுக்கு 144 தடவை புதுப்பிக்கும் திரைகள் இன்று விளையாட்டுப் பிரியர் மேசைகளில் உள. படவீச்சுக் கருவிகளோ பெரும்பாலும் செக்கனுக்கு 60 தடவையே புதுப்பிப்பன. அன்றியும், வந்த படத்தைத் தன் அளவுக்கு ஏற்பத் திருத்தும் கருவிகளில் சிறு தாமதம் நேர்தலால், கை அழுத்திய பின்னரே தோணி திரும்புவது போலத் தோன்றும். விரைந்து ஆடவேண்டியவன் தன் அண்மைத் திரையைப் பார்த்து ஆடுதலே தக்கது. சில மடிக்கணினிகளில் இரண்டு வரைவியற் பொறிகள் இருக்கும். படத்தை வரைவது ஒன்றாகவும், வெளி வடத்துக்கு அனுப்புவது மற்றொன்றாகவும் அமைந்துவிடின், படம் ஒன்றிலிருந்து மற்றதற்குப் பெயர்க்கப்பட்ட பின்னரே செல்லும். திரையைத் தெரிதல் வேறு, வரையும் பொறியைத் தெரிதல் வேறு என்பதனை இதனால் அறியலாம்.

இவ்வளவும் பொழுதுபோக்கைப் பற்றிய சிறு செய்தி என்று ஒதுக்குவோர் இருக்கலாம். அவர்க்கு நம் கூத்து மரபையே எடுத்துக்காட்டாகக் கூறுவேன். முள்ளியவளைக் கோவலன் கூத்து வன்னியெங்கும் பெயர்பெற்றது. வட்டக்களரியிலே கூத்தாடுவோர் ஒரு திசைக்கு மாத்திரம் ஆடியதில்லை. நாற்புறமும் அமர்ந்திருக்கும் மக்களுக்கு மாறி மாறி முகங்காட்டி ஆடினர். எவர் எங்கிருந்து காண்கின்றார் என்பது கூத்தனின் கால்களுக்கே தெரிந்திருந்தது. திரையோ ஒரே திசைக்கு முகங்காட்டுவது. அது தானாகத் திரும்பாது. ஆகவே கூத்தன் தன் கால்களாற் செய்த வேலையைக் கணினியை இயக்குவோர் தம் அறிவினாற் செய்தல் வேண்டும். 2009 ஆம் ஆண்டு போர் முடிந்தபின், பாடசாலைகளை வெறுங்கட்டடங்களிலிருந்து மீளத் தொடங்கிய மாவட்டம் இது. ஒரு கணினியைப் பல பிள்ளைகள் சூழ்ந்திருந்து கற்றதை நாம் அறிவோம். அத்தகைய இடத்திலே ஒருவன் ஆக்கியதைப் பலர் காண்பது வீண்பெருமைக்காக அன்று. கண்ட பிள்ளைகளுள் ஒருவன் அடுத்த ஆட்டத்தை ஆக்குவான். படம் சிறு திரையிலே தங்கிவிட்டால், அந்த அடுத்தவனையும் இழக்கின்றோம்.

ஆகவே ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் கூற விரும்புவது இதுவே. விழாவுக்கு முதல்நாள் கணினியையும் கருவியையும் பிணைத்து, ஆட்டத்தைத் தொடக்கிவிட்டு, மேசையருகே நில்லாது மண்டபத்தின் கடைசி வரிசையிற் சென்று அமர்ந்து பாருங்கள். சுவரிலே தோணி தெரியாவிடின் மீண்டு வந்து அவ்விரு சாவிகளை அழுத்துங்கள். ஆட்டத்தைப் பார்த்து இயற்றியவனைக் குறை கூறுமுன், திரையைப் பாருங்கள். "எங்கையடா தம்பி உன்ரை தோணி?" என்ற வினா நகைப்பதற்குரியதன்று, கருவியை இயக்கும் ஒவ்வொருவரும் தம்மைத் தாமே முதலிற் கேட்கவேண்டிய வினா அது. அதனை முதல்நாளே கேட்டிருப்போமாயின், ஒரு மூதாட்டி தன் பேரன் ஆக்கிய நந்திக்கடலைச் சுவரளவிற் கண்டிருப்பார்.